எடுத்துக்காட்டு இல்லாத சொல்

பிப்ரவரி 13, திங்கள்

எங்கள் ஆங்கில-தமிழ் அகராதியின் இரண்டாம் பதிப்பில் 'எல்' எழுத்து என் தலையில் விழுந்திருக்கிறது. நூற்றுப் பதினான்கு அட்டைகள். ரப்பர் பேண்ட் போட்டு என் மேசையில் வைத்துவிட்டுப் போயிருக்கிறார் பதிப்பாசிரியர் தில்லைநாயகம் சார். நேரில் கொடுத்தால் சண்டை போடுவேன் என்று தெரியும். நான் டீ குடிக்கப் போகும் நேரம் பார்த்து வைத்துவிட்டு ஓடிவிடுவார்.

காலையில் கேஸ் சிலிண்டர் வந்தது. கொண்டுவந்தவர் நாலு மாடி ஏறிய களைப்பில், "மழைத்தண்ணிக்குப் பயந்தாம்மா இம்புட்டு ஒசரத்துல வந்து உக்காந்திருக்கீங்க?" என்றார். நல்ல வாக்கியம். அவர் கையெழுத்து வாங்குவதற்குள் கைப்பையிலிருந்து சீட்டை எடுத்துக் குறித்துவிட்டேன். எந்தச் சொல்லுக்கு என்று பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

இது எங்கள் ஆபீஸ் சட்டம். மேசையில் உட்கார்ந்து வாக்கியம் செய்யக் கூடாது. 'ராமன் பழம் தின்றான்' என்று எழுதிக்கொண்டு போனால் சார் முகத்தில் எறிவார். ஜனங்கள் பேசுவதைக் காதில் வாங்கி, சீட்டில் எழுதி, தேதியும் கேட்ட இடமும் போட்டு, நடையைக் கொஞ்சம் திருத்தி, ஆங்கிலச் சொல்லின் தமிழ்ப் பொருளுக்குக் கீழே எடுத்துக்காட்டாக வைக்க வேண்டும். எடுத்துக்காட்டு இல்லாத சொல்லுக்கு எங்கள் அகராதியில் இடமில்லை. இருபது வருஷமாக இந்த வேலையில் என்னை அடிக்க ஆளில்லை. மதுரையில் எந்த பஸ்ஸில் ஏறினாலும் இரண்டு சீட்டாவது தேறும்.

பிப்ரவரி 14, செவ்வாய்

'லவ்' குடும்பத்தில் மட்டும் இருபத்தாறு அட்டை. நடுவில் ஒரு அபூர்வமான ஆசாமி: 'லவ்டே'. லவ் ஒரு சொல், டே ஒரு சொல், ஒட்டிப் பிறந்தது. எதிர் மேசை நப்பின்னை, வயது இருபத்தைந்து, எட்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தாள்.

"மேடம், இன்னிக்குத்தானே அது! கரெக்டா வந்திருக்கு பாருங்க. ரோஜாப்பூ வாங்கித் தரவா?"

"எனக்கு அம்பத்தெட்டு வயசு. மல்லிப்பூ வாங்கிக் குடு, போதும்."

காதலர் தினத்துக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. பழைய இங்கிலாந்தில் ஒருவர் மேல் ஒருவர் வழக்குப் போட்டுக்கொண்டவர்கள், பகை வைத்திருந்தவர்கள், கோர்ட்டுக்கு வெளியே சந்தித்துப் பேசித் தீர்த்துக்கொள்ள ஒரு நாள் குறிப்பார்கள். அந்த நாளின் பெயர் இது. நடுவே ஊர்ப் பெரியவரோ பாதிரியாரோ இருப்பார். வழக்கொழிந்த சொல். 'பிணக்குத் தீர்க்கக் குறித்த நாள்' என்று இப்போதைக்கு எழுதி வைத்திருக்கிறேன்.

பொருள் ஆயிற்று. எடுத்துக்காட்டுக்கு எங்கே போவேன்? பகைவர்கள் நாள் குறித்துச் சந்தித்துப் பேசி நான் கேட்டிருந்தால்தானே.

பிப்ரவரி 19, ஞாயிறு

கோயிலில் ஆராதனை முடிந்து வந்து மீன் கழுவிக்கொண்டிருக்கும்போது ஊரிலிருந்து கிரேஸ் மைனி போன். காலமான என் அண்ணனின் மனைவி. வாரம் ஒரு தடவை போன் செய்து சாலமோன்புரத்துச் செய்திகளை எல்லாம் கொட்டாவிட்டால் அவளுக்குச் சோறு இறங்காது. போனைத் தோளில் இடுக்கிக்கொண்டு மீன் வேலையைப் பார்த்தேன்.

"எஸ்தரு, இந்த வருசம் அசனம் ஏப்ரல் பதினஞ்சு. சனிக்கிழமை. மறுநா திருவிருந்து. நீ வந்தே ஆவணும், ஆமா."

"பாக்கேன் மைனி" என்றேன். அசனம் ஊர்க் கோயிலில் வருஷா வருஷம் போடும் பொதுச் சாப்பாடு, திருவிருந்து அதற்கு மறுநாள் நற்கருணை.

"என்னத்தப் பாக்க? ஏழு வருசமா இதையேதான் சொல்லுத. தயாவுக்காவத்தான வர மாட்டங்க? எனக்குத் தெரியாதாக்கும்."

தயாமணி என் தங்கை. ஒரே தங்கை. ஊரில் எங்கள் அப்பா வீட்டில் இருந்துகொண்டு பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் இங்கிலீஷ் டீச்சராக வேலை பார்க்கிறாள். ஏழு வருஷமாக என்னோடு பேசுவதில்லை. நாலு வருஷத்துக்கு முன் என் வீட்டுக்காரர் இறந்தபோது வந்தாள், மாலை போட்டாள், என் கையைப் பிடித்தாள். வாய் திறக்கவில்லை. ஒரு டம்ளர் தண்ணீர்கூடக் குடிக்காமல் பஸ் ஏறிப் போய்விட்டாள்.

என் மேல் தப்பு ஒன்றும் கிடையாது. ஏதோ புத்தக விஷயம். அவளுக்கு ரோஷம் ஜாஸ்தி, சின்ன வயதிலிருந்தே அப்படித்தான். பெரியவள் நான், நானா இறங்கிப் போக முடியும்?

பேச்சு சுவாரஸ்யத்தில் மீன் முள் விரலில் ஏறிவிட்டது.

பிப்ரவரி 22, சாம்பல் புதன்

ஈஸ்டருக்கு முந்தின லெந்து நோன்பு தொடங்கிவிட்டது. நாற்பது நாள் காபி கிடையாது. ஏழு மணிக்கே தலை வலிக்கிறது.

பிப்ரவரி 27, திங்கள்

லவ்டேயை விட முடியவில்லை. மற்ற அட்டைகளை முடித்துவிட்டு மறுபடி அதையே எடுத்தேன். பெரிய ஆங்கில அகராதிகளைப் புரட்டியதில் இன்னும் சில தகவல்கள் கிடைத்தன. அப்படிப்பட்ட நாளில் பிறந்த குழந்தைகளுக்கு அதையே பெயராக வைத்திருக்கிறார்கள். பிற்காலத்தில் யாரோ சிலர் காதலில் கழித்த நாள் என்ற பொருளிலும் எழுதியிருக்கிறார்கள், அது அவ்வளவு நிற்கவில்லை. ஐந்நூறு வருஷத்துக்கும் முன்னால் லண்டனில் ஒரு பெரிய லவ்டே. இரண்டு கட்சிப் பிரபுக்களும் எதிரிக்கு எதிரி ஜோடி சேர்ந்து, கையைக் கோத்துக்கொண்டு, ஊர்வலமாகப் பெரிய கோயிலுக்குப் போயிருக்கிறார்கள். மறுவருஷமே மறுபடி வெட்டிக்கொண்டார்கள்!

நப்பின்னையிடம் சொன்னேன். "அப்ப கையக் கோத்தது சும்மாவா மேடம்?" என்றாள். ஊர் பார்க்கப் பிடித்த கை அவ்வளவுதான் தாங்கும் என்றேன்.

இடையில் சார் வந்து 'ஓ' எழுத்துப் பக்கங்கள் மார்ச் 31-ல் அச்சுக்குப் போகின்றன, திருத்தம் இருந்தால் அதற்குள் சொல்ல வேண்டும் என்று சொல்லிவிட்டுப் போனார். "உங்க வாக்கியம் அதுலதானே இருக்கு எஸ்தரம்மா" என்று என்னைப் பார்த்துச் சிரித்தார். முதல் பதிப்பின் முன்னுரையில் அந்த ஒரு வாக்கியத்தைத்தான் எடுத்துப் போட்டு, இதுவே இந்த அகராதியின் உயிர் என்று எழுதியிருக்கிறார். 'அவுட்சைடர்' என்ற சொல்லுக்கு நான் வைத்த எடுத்துக்காட்டு:

'அந்த வீட்டில் எனக்கென்று ஒரு தட்டு கிடையாது. யாருடைய தட்டு காலியாகும் என்று பார்த்துக்கொண்டு நிற்பேன்.'

தயாவின் கோபம் இந்த வாக்கியத்தின் மேல்தான். பெயர் போட்டேனா, ஊர் போட்டேனா? ஒன்றும் இல்லை. ஒரு வரி. தமிழ் படிக்கிற எல்லோருக்கும் பொதுவான வரி.

மார்ச் 5, ஞாயிறு

இன்று நற்கருணை ஆராதனை. வழக்கம்போல மூன்றாவது வரிசையிலிருந்து போய் முழங்கால் போட்டு அப்பமும் ரசமும் வாங்கிக்கொண்டு வந்தேன். சாயங்காலம் மைனி போன். அசனத்துக்கு எத்தனை ஆடு, யார் வீட்டில் அரிசி, எல்லாம் சொல்லி முடித்துவிட்டு, போகிற போக்கில் ஒன்று சொன்னாள்.

"தயா இன்னைக்கும் எந்திக்கல."

"எங்க எந்திக்கல? காச்சலா?"

"கோயில்லதாம். நற்கருணைக்கு எல்லாரும் எந்திச்சிப் போவோம்லா, அவ மட்டும் பெஞ்சிலயே இருப்பா. இன்னைக்கு நேத்தா, ஏழு வருசமாச்சு. உனக்குத் தெரியாதா? புதுப் பாதிரி ஐயர் வந்து கேட்டாரு, ஏம்மா எடுக்க மாட்டங்கீங்கன்னு. எங்க அக்கா மேல மனசுல கசப்பு இருக்கு ஐயா, அத வச்சிக்கிட்டுக் கைய நீட்ட முடியலன்னுட்டா."

மைனி அப்புறம் ஆட்டு விலைக்குப் போய்விட்டாள். எனக்கு ஒன்றும் காதில் ஏறவில்லை.

இந்த ஏழு வருஷத்தில் மாதம் தவறாமல் நான் எடுத்திருக்கிறேன். கையை நீட்ட ஒரு தடவைகூட யோசித்ததில்லை.

மார்ச் 6, திங்கள்

தலைவலி என்று லீவு சொன்னேன். வீட்டில் உள்ள பாத்திரம் எல்லாம் புளி போட்டுத் தேய்த்தேன்.

மார்ச் 9, வியாழன்

எழுதித்தான் பார்ப்போமே, யார் படிக்கப் போகிறார்கள்.

அகராதி வெளிவந்த வருஷம், பெருமைக்கு ஒரு பிரதி வாங்கித் தயாவின் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பினேன். ஒரு நாள் டீச்சர்கள் அறையில் ஒருத்தி அதைப் புரட்டி, "தயா டீச்சர், ஒங்க அக்கா புத்தகத்துல என்ன ஒரு வரி பாருங்க!" என்று அந்த வாக்கியத்தைச் சத்தமாக வாசித்திருக்கிறாள். எல்லோரும் ஆகா என்றார்களாம். தயாவும் கையில் சாக்பீஸோடு நின்று கேட்டிருக்கிறாள். சேர்ந்து சிரித்தும் இருக்கிறாள், வேறென்ன செய்வாள்?

ஏனென்றால் அது அவள் சொன்னது. நாகர்கோவில் பக்கம் கட்டிக்கொடுத்து நாலு வருஷம் அந்த வீட்டில் இருந்தாள். அடிக்கவில்லை, உதைக்கவில்லை. ஒரு ஆளாகவே மதிக்கவில்லை. ஒரு நாள் ஒரு பையைத் தூக்கிக்கொண்டு மதுரைக்கு என்னிடம் வந்துவிட்டாள். அப்போது என் சமையலறையில் வைத்துச் சொன்னாள். என்னிடம் மட்டும்தான் சொன்னாள். ஊரில் மைனிக்குக்கூட இன்று வரை அந்தத் தட்டு விஷயம் தெரியாது.

பள்ளிக்கூடத்தில் வாசித்த அன்று சாயங்காலம் எனக்குப் போன் செய்தாள். "அக்கா, அந்த வரி யார் சொன்னதுக்கா?" என்று கேட்டாள். நான் ஏதோ பதில் சொன்னேன். அதன் பிறகு அவள் போன் வரவில்லை.

மார்ச் 14, செவ்வாய்

அச்சான வாக்கியத்தை எடுக்க வேண்டுமானால் நீக்கச் சீட்டு எழுத வேண்டும். மஞ்சள் தாள். சொல், வாக்கியம், காரணம் என்று மூன்று கட்டம். இருபது வருஷத்தில் மற்றவர்கள் வாக்கியங்களுக்கு நிறைய எழுதியிருக்கிறேன். என்னுடையதற்கு எழுதுவது இதுதான் முதல் தடவை. காரணம் என்ற கட்டத்தில் 'இட நெருக்கடி' என்று எழுதி சார் மேசையில், அவர் இல்லாத நேரம் பார்த்து, வைத்துவிட்டு வந்தேன்.

அரை மணி நேரத்தில் திரும்பி வந்துவிட்டது. ஓரத்தில் சிவப்பு மையில், 'அந்தப் பக்கத்தில் நாலு வரி காலியாக இருக்கிறது. விளையாடாதீர்கள்.'

மார்ச் 17, வெள்ளி

இரண்டாவது நீக்கச் சீட்டு. காரணம்: 'இதைவிடப் பொருத்தமான வாக்கியம் கிடைத்துள்ளது.' இந்தத் தடவை சார் நேரிலேயே வந்துவிட்டார். மூக்குக் கண்ணாடியை நெற்றியில் ஏற்றிக்கொண்டு நின்றார்.

"எங்கே, அந்தப் பொருத்தமான வாக்கியத்தக் காட்டுங்க."

"வீட்ல இருக்கு சார்."

"எஸ்தரம்மா, நான் இந்த வரிய எத்தனை மேடையில சொல்லியிருக்கேன் தெரியுமா? சொல்லிட்டு ஒரு நிமிஷம் பேசாம நிப்பேன். சபையே அப்படியே உறைஞ்சு போகும். அப்புறம் கைதட்டு. இதப் போய் எடுக்கச் சொல்றீங்களே, உங்களுக்கு என்ன ஆச்சு?"

எனக்கு என்ன ஆச்சு என்று சொல்ல வேண்டுமானால், அந்தக் கைதட்டு என்னுடையதில்லை என்று சொல்ல வேண்டும். ஏழு வருஷமாக 'தட்டு வாக்கியம் எழுதின அம்மா' என்றுதான் என்னை எல்லோருக்கும் அறிமுகம் செய்கிறார்கள். எனக்கும் அது பிடித்துத்தான் இருக்கிறது. அதையும் எழுதிவிடுகிறேன்.

"ஒண்ணும் ஆகல சார்" என்றேன். முறைத்துவிட்டுப் போனார்.

மார்ச் 20, திங்கள்

சார் சாவி கொடுத்தார். "மூலச் சீட்ட எடுத்து ஒருதரம் வாசிச்சுப் பாருங்க. அப்பவாவது புத்தி வரும்" என்றார்.

சீட்டு அறையில் ஓ எழுத்துக்கு மட்டும் பதினோரு இழுப்பறை. ஏழாவதில் இருந்தது. என் கையெழுத்து. தேதி 14.6.2011. ஓரத்தில் ஒரு துளி மஞ்சள் கறை, ரசமாக இருக்கும்.

அந்த நாளை எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. தயா வந்து சேர்ந்த முதல் நாள். மத்தியானம் சாப்பாட்டு நேரம். சமையலறையில் ஒரு எவர்சில்வர் தட்டை எடுத்து அவள் கையில் கொடுத்தேன். அதை வாங்கி இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தாள். "இது எனக்காக்கா?" என்று கேட்டாள். அப்புறம்தான் அந்த வரியைச் சொன்னாள், சொல்லிவிட்டு அழுதாள். தரையில் உட்கார்ந்து தட்டை மடியில் வைத்துக்கொண்டு அழுதாள். இரு, முகம் துடைக்கத் துண்டு எடுத்து வாரேன் என்று நான் உள்ளே போனேன்.

துண்டு எடுக்கத்தான் போனேன். கொடியில்தான் கிடந்தது. ஆனால் அதற்கு முன்னால் கைப்பையைத் திறந்து இந்தச் சீட்டை எழுதியிருக்கிறேன். மறந்துபோகும் என்ற பயம். அவள் அங்கே அழுகிற சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. கையெழுத்து எவ்வளவு அழகாக இருக்கிறது! ஒரு அடித்தல் கிடையாது, திருத்தல் கிடையாது.

ச்சீ.

இன்னும் ஒன்று இருக்கிறது. சீட்டில் 'கேட்ட இடம்' என்ற கட்டத்தில் நான் எழுதியிருப்பது: 'பேருந்து.'

ஏழு வருஷத்துக்கு முன் தயா போனில் கேட்டாளே, யார் சொன்னதுக்கா என்று. அன்றைக்கு நான் சொன்ன 'ஏதோ பதில்' இதுதான். "பஸ்ல யாரோ ஒருத்தி சொன்னதுட்டி" என்றேன். அந்த நேரத்துக்கு வாயில் வந்த பொய் என்றுதான் இத்தனை நாளும் என்னையே சமாதானம் செய்துகொண்டிருந்தேன். 2011-லேயே எழுதித் தயாராக வைத்திருக்கிறேன். அன்று அவள் "சரிக்கா" என்று போனை வைத்தாள்.

அவள் மூன்று மாதம் என்னோடு இருந்தாள். கிளம்பும்போது அந்தத் தட்டைக் கேட்டு வாங்கிக்கொண்டு போனாள். இவ்வளவு நாள் அது எனக்கு ஞாபகமே வரவில்லை.

மார்ச் 21, செவ்வாய்

மூன்றாவது நீக்கச் சீட்டு. காரணம் என்ற கட்டம் போதவில்லை. பின்பக்கமும் திருப்பி எழுதினேன்:

'மூலச் சீட்டில் கேட்ட இடம் பொய். கேட்டது என் வீட்டுச் சமையலறையில். சொன்னவள் என் தங்கை தயாமணி. அழுதுகொண்டு சொன்னாள். அவளைக் கேட்காமல் எடுத்தேன். அவள் கேட்டபோதும் இல்லை என்று சொன்னேன்.'

சார் மேசைக்கு நேரில் கொண்டுபோய்க் கொடுத்தேன். அவர் படிக்கும் வரை நின்றேன். இரண்டு தடவை படித்தார். கண்ணாடியைக் கழற்றி வேட்டியில் துடைத்தார், மறுபடி போட்டுக்கொண்டு மூன்றாவது தடவை படித்தார். திட்டுவார் என்று காத்திருந்தேன்.

"நானும்லம்மா மேடை மேடையாச் சொல்லியிருக்கேன்" என்றார்.

'ஓ' பக்கத்தை எடுத்து, ஸ்கேல் வைத்து, அந்த வரியைச் சிவப்பில் அடித்தார். முன்னுரையையும் எடுத்து அடித்தார். மூலச் சீட்டு ஆபீஸை விட்டு வெளியே போகக் கூடாது என்பது அவரே போட்ட சட்டம். அதை ஒரு கவரில் போட்டு என்னிடம் நீட்டினார்.

"இது அவங்களோடது. கொண்டுபோய்க் குடுங்க."

மார்ச் 24, வெள்ளி

நாலு கடிதம் எழுதிக் கிழித்தேன். எல்லாமே அழகாக இருந்தன, அதுதான் பிரச்சினை. கடைசியில் ஒரு துண்டுத் தாளில், 'தயா, இது உன்னுடையது. நான் பொய் சொன்னேன். புத்தகத்திலிருந்து எடுத்தாயிற்று. அக்கா' என்று எழுதி, மூலச் சீட்டோடு வைத்து ரிஜிஸ்டர் தபாலில் அனுப்பினேன்.

ஏப்ரல் 2, குருத்தோலை ஞாயிறு

மைனி போன். தபால் வந்ததாம், தயா கையெழுத்துப் போட்டு வாங்கினாளாம்.

"பிரிச்சாளா மைனி?"

"பிரிச்சா. வாசிச்சா. மடிச்சா. கோழிக்கு நொய்யரிசி போடப் போயிட்டா."

"ஒண்ணும் சொல்லலியா?"

"என்கிட்ட என்னத்தச் சொல்லுவா? நீங்க ரெண்டு பேரும் எனக்கு என்னைக்கு எதச் சொல்லியிருக்கிய?"

அதுவும் நியாயம்தான்.

ஏப்ரல் 6, பெரிய வியாழன்

நற்கருணைக்கு எழுந்திருக்கவில்லை. வரிசை என்னைத் தாண்டிப் போயிற்று. பக்கத்தில் இருந்த ரோஸ்லின் முழங்கையால் இடித்தாள். கால் வலி என்று சொல்ல வாய் வந்தது, சொல்லவில்லை. பெஞ்சில் தனியாக உட்கார்ந்திருக்கும்போது எல்லோர் முதுகும் தெரிகிறது. இதை அவள் ஏழு வருஷம் பார்த்திருக்கிறாள்.

ஏப்ரல் 15, சனி. சாலமோன்புரம்

வந்துவிட்டேன். மைனி வீட்டில் தங்கல். அவள் கொல்லைப்புறத்து வெயிலில் உட்கார்ந்து இதை எழுதுகிறேன். இப்போது மணி நாலு.

கோயில் வளாகத்தில் பந்தல். பாயில் சோற்றை மலையாகக் கொட்டி வைத்திருந்தார்கள். ஆட்டுக்கறி வாசனை ஊர் எல்லை வரை வந்தது. எங்கள் ஊர் அசனத்தில் இலை கிடையாது. அவரவர் வீட்டிலிருந்து தட்டு கொண்டுவர வேண்டும். பணக்காரர், ஏழை என்று பார்க்காமல் எல்லோரும் ஒரே பந்தியில் உட்கார்ந்து ஒரே சோற்றை வாங்கித் தின்ன வேண்டும். சின்ன வயதிலிருந்து தெரிந்த வழக்கம்தான். மதுரையில் இருந்து இருந்து எனக்கு மறந்துபோய்விட்டது. கையை வீசிக்கொண்டு வந்துவிட்டேன்.

மைனி சமையல் பக்கம் நின்றாள். பந்தி உட்கார்ந்தாயிற்று. என்னைச் சுற்றி எல்லோர் மடிக்கு முன்னாலும் ஒரு தட்டு. யாரிடம் கேட்பது? முதல் பந்தியில் யாராவது முடித்து எழுந்தால் வாங்கிக் கழுவிக்கொள்ளலாம் என்று ஓரமாக நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். யாருடைய தட்டு காலியாகும் என்று.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. பந்தல் கம்பைப் பிடித்துக்கொண்டேன்.

தயா அந்தப் பக்கம் குழம்பு வாளியோடு பரிமாறிக்கொண்டிருந்தாள். தலை நரைத்துவிட்டது. என்னைப் பார்த்தாள். எவ்வளவு நேரம் பார்த்துக்கொண்டிருந்தாளோ தெரியாது. வாளியைப் பக்கத்தில் நின்றவளிடம் கொடுத்துவிட்டு வெளியே போனாள். அப்பா வீடு கோயிலுக்கு எதிரேதான். திரும்பி வந்து என் கையில் ஒரு தட்டைக் கொடுத்துவிட்டு, மறுபடி வாளியை வாங்கிக்கொண்டு போய்விட்டாள்.

திருப்பிப் பார்த்தேன். பின்னால் என் வீட்டுக்காரர் பெயர் வெட்டியிருந்தது. பொன்ராஜ், மதுரை.

உட்கார்ந்து சாப்பிட்டேன். கறி நன்றாக இருந்தது என்று எல்லோரும் சொன்னார்கள். நான் ஒரு பருக்கை மிச்சம் வைக்காமல் சாப்பிட்டேன்.

ஏப்ரல் 16, ஞாயிறு. சாலமோன்புரம்

திருவிருந்து ஆராதனை. நான் பெண்கள் பக்கம் ஐந்தாவது பெஞ்சு. தயா அதே பெஞ்சின் மறு ஓரம். நடுவில் எட்டுப் பேர்.

ஐயர் கூப்பிட்டார். முதல் பெஞ்சு எழுந்தது, இரண்டாவது, மூன்றாவது. எங்கள் பெஞ்சு முறை வந்ததும் நடுவில் இருந்த எட்டுப் பேரும் எழுந்து போனார்கள். நான் எழுந்திருக்கவில்லை. அவளும் எழுந்திருக்கவில்லை. நீளப் பெஞ்சில் இந்த ஓரம் நான், அந்த ஓரம் அவள். நான் தரையையே பார்த்துக்கொண்டிருந்தேன். பின் பெஞ்சுகளும் போய் வந்துகொண்டிருந்தன. மைனி திரும்பி வரும்போது எங்களைப் பார்த்து நெஞ்சில் கை வைத்துக்கொண்டாள்.

கடைசி வரிசை பீடத்தண்டை முழங்கால் போடும்போது சேலைச் சத்தம் கேட்டது. தயா எழுந்து பெஞ்சு முழுக்க நடந்து என் பக்கத்தில் வந்து நின்றாள். குனிந்து ஒன்று சொன்னாள்.

நாலைந்து சொல் இருக்கும். ஏழு வருஷத்துக்குப் பிறகு அவள் என்னிடம் பேசிய முதல் வாக்கியம். இருபது வருஷத்தில் இப்படி ஒன்று என் காதில் விழுந்ததில்லை.

அதை இங்கே எழுதப் போவதில்லை.

எழுந்தேன். இரண்டு பேரும் போனோம். கையைக் கோத்துக்கொள்ளவில்லை, அதெல்லாம் ஒன்றும் இல்லை. அவள் முன்னால், நான் பின்னால். ஐயர் எங்கள் இரண்டு பேருக்காகவும் ஒரு நிமிஷம் காத்திருந்தார்.

ஏப்ரல் 18, செவ்வாய்

ஆபீஸ். நப்பின்னை என் கைப்பையில் காலிச் சீட்டுக் கட்டு வைக்க வந்தாள், வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். ஆச்சரியமாகப் பார்த்தாள்.

லவ்டே அட்டையை முடித்தேன். 'பிணங்கியவர்கள் கூடிப் பேசித் தீர்த்துக்கொள்வதற்காகக் குறித்த நாள். வழக்கொழிந்தது' என்று பொருள் எழுதினேன். கீழே எடுத்துக்காட்டு என்ற இடத்தில் ஒரு கோடு போட்டேன். சார் கூப்பிட்டு அனுப்பினார்.

"எடுத்துக்காட்டு எங்கேம்மா?"

"இல்ல சார்."

"உங்ககிட்டயா இல்ல?"

"இருக்கு சார். தர மாட்டேன்."

அட்டையைக் கையில் எடுத்தார். எடுத்துக்காட்டு இல்லாத சொல்லுக்கு இடமில்லை என்று இப்போது சொல்வார், அட்டையைக் கிழித்துப் போடுவார் என்று நினைத்தேன். பேனாவை எடுத்துக் கையெழுத்துப் போட்டு அச்சுக்குப் போகும் கட்டில் வைத்தார்.

சாயங்காலம் தயா போன் செய்தாள். முக்கால் மணி நேரம் பேசினோம். என்ன பேசினோம் என்று அவளுக்குத் தெரியும், எனக்குத் தெரியும்.